கம்பெனி நியமனங்களும் ஸ்காட்லாந்தும்

இந்தியாவில் பணிபுரிய எழுத்தர், கேடட் (பயிற்சிப் படை அதிகாரி), மருத்துவர் முதலியோரை நியமிக்கும் உரிமை கிழக்கிந்தியக் கம்பெனியின் 24 இயக்குநர்களிடம் இருந்தது. வணிக நிறுவனம் ஒன்றின் இந்த உரிமை, பதினெட்டாம் நூற்றாண்டில் பிரிட்டிஷ் அரசு தன்னைக் கட்டியெழுப்பிக்கொள்ளவும் உதவியது. அதைத் தெளிவாகக் காட்டும் நாடு ஸ்காட்லாந்து.

1707இல் ஸ்காட்லாந்து இங்கிலாந்துடன் இணைந்தபோது அங்கே பணமும் இல்லை, நம்பிக்கையும் இல்லை. பனாமா நிலமுனையில் தொடங்கிய டேரியன் குடியேற்றம் 1700இல் முறிந்து பலருடைய சேமிப்பை விழுங்கியிருந்தது. 1715இல் ஸ்டூவர்ட் அரச குலத்துக்காகக் கிளர்ச்சி வெடித்தது. 1725இல் மால்ட் வரியை எதிர்த்து கிளாஸ்கோவில் கலவரம் மூண்டது. பிரதமர் வால்போலுக்கோ நாடாளுமன்றப் பொதுச்சபையின் 45 ஸ்காட்லாந்து உறுப்பினர்களின் ஆதரவு வேண்டியிருந்தது. அவர்களைத் தேர்ந்தெடுத்தவர்கள் மிகச் சிலர். மாவட்டங்களில் வாக்காளர்கள் பெரும்பாலும் நிலக்கிழார்கள். நிலம் மூத்த மகனுக்குப் போய்விடும், இளையவர்களுக்குப் பிழைக்க வழி வேண்டும்.

அந்த வழியைத் திறந்துவிட்டவர்களில் முக்கியமானவர் ஜான் டிரமண்ட். கம்பெனி இயக்குநரான இவர் 1727 முதல் நாடாளுமன்ற உறுப்பினராகவும் இருந்தார். ஸ்காட்லாந்தில் அரசின் காரியங்களைக் கவனித்த ஐலே பிரபுவும், எடின்பரோவில் அவருக்குத் துணையாயிருந்த மில்ட்டன் பிரபுவும் யாருடைய மகனுக்குச் சிபாரிசு செய்வது என்று பார்த்துப் பார்த்து முடிவு செய்தனர். எழுத்தரின் ஆண்டுச் சம்பளம் 5 பவுண்டுதான். சொந்த வணிகத்தில் வந்ததே உண்மையான வருமானம். ஆகவே லண்டன் கருவூலம் காசு செலவழிக்காமலே குடும்பங்களின் விசுவாசத்தைப் பெற்றது. ஸ்டூவர்ட் பக்கம் சாய்ந்திருந்த வீட்டுப் பிள்ளைகளும் இப்படிக் கப்பலேறினர்.

ஸ்காட்லாந்து அரசியல்வாதி ஹென்றி டண்டாஸ்தான் இதைத் தொடங்கினார் என்பது பரவலான எண்ணம். 1784இல் கம்பெனியை மேற்பார்க்கும் அரசின் கட்டுப்பாட்டு வாரியம் அமைந்து அவர் கை ஓங்குவதற்குப் பல பத்தாண்டுகளுக்கு முன்பே இவ்வழக்கம் வேரூன்றிவிட்டது. 1780இல் கேடட்டாகச் சென்னைக்கு வந்த கிளாஸ்கோ இளைஞர் தாமஸ் மன்றோ, 1820இல் அதன் ஆளுநரானார். 1781இல் டச்சுக்காரரிடமிருந்து நாகப்பட்டினத்தைப் பிடித்த ஹெக்டர் மன்றோ, ஸ்காட்லாந்துத் தொகுதி ஒன்றின் நாடாளுமன்ற உறுப்பினர்.

இந்த இணக்கத்துக்கான விலையை இந்தியர்கள் கொடுத்தார்கள். சென்னைக் கம்பெனி ஊழியர்கள் ஆற்காட்டு நவாப் முகமது அலிக்குக் கடுவட்டிக்குக் கடன் கொடுத்து, ஈடாக நிலவரி வருவாயை எழுதி வாங்கினர். அக்கடன்களை முறையாக விசாரிக்காமலே நவாபின் ஆட்சிப்பகுதியான கர்நாடகத்தின் வருவாயிலிருந்து தீர்க்க டண்டாஸின் வாரியம் 1784இல் ஆணையிட்டது. கடன்காரர்களின் ஆட்கள் நாடாளுமன்றத்திலேயே அமர்ந்திருப்பதை உறுப்பினர் எட்மண்ட் பர்க் 1785இல் அங்கேயே கடுமையாகச் சாடினார். ஆணை மாறவில்லை.

ஆட்சிப் பணிக்கு ஆளைப் பரிந்துரைக்கும் உரிமையை 1853ஆம் ஆண்டுச் சட்டம் இயக்குநர்களிடமிருந்து பறித்தது. 1855இல் முதல் போட்டித் தேர்வு லண்டனில் நடந்தது.