அனுபோகச் சான்றின் வரலாறு

பேரையூர்ப் பகுதியில் நிலவழக்கு எழுமாயின், நம் சங்கத்தார் இல்லங்களில் முதற்கண் பேசப்படுவது முன்னோர் பெருமையே. பாளையக்காரர் காலத்தில் நம்மவர்க்கு மானியமாக ஈந்த நிலம் என்பர். செப்பேடு இருந்தது என்பர். அச் செப்பேட்டைச் செல்லரித்ததென்று கூறினாரையும் நாம் கண்டதுண்டு! பழம்பெருமையில் நமக்கும் விருப்பம் உண்டு. ஆயினும் தடையுத்தரவு வேண்டி நிற்பாரை நீதிமன்றம் வினவுவது வேறொன்று: வழக்குத் தொடுத்த நாளில் நிலம் யார் அனுபோகத்தில் இருந்தது?

பேரையூர், மதுரை நாயக்கராட்சியின் எழுபத்திரண்டு பாளையங்களுள் ஒன்றாயிருந்து, கும்பினியார் ஆட்சியில் ஜமீனாயிற்று. ஜமீன் கிராமங்களில் மேல்வாரம் ஜமீன்தாருக்கும் குடிவாரம் உழுவோனுக்கும் உரியன. ஜமீன்தார் பட்டா அளிக்க, குடியானவன் முச்சலிக்கா எழுதிக்கொடுப்பான். இம் மாற்றத்தை 1865ஆம் ஆண்டின் எட்டாவது சட்டம் முறைப்படுத்திற்று. 1908ஆம் ஆண்டின் சென்னை எஸ்டேட் நிலச் சட்டம் குடிகளுக்கு நிலையான சாகுபடி உரிமையை உறுதி செய்தது. ஆகவே ஏர் பிடித்த கையினும் ரசீது பிடித்த கை வலிதாயிற்று.

இதன் பயன் 1948ஆம் ஆண்டின் ஜமீன் ஒழிப்புச் சட்டத்தின்போது தெற்றென விளங்கியது. ரயத்துவாரிப் பட்டா கோரிய குடிகளுள் பழைய பட்டாவும் ரசீதும் உடையார்க்கு வழி எளிதாயிற்று. வாய்ச்சொல்லையே நம்பியிருந்தார்க்கோ, அது ஜமீன்தாரின் பண்ணை நிலமன்றென்று நிறுவுதல் பெரும்பாடாயிற்று.

இனி, இக்காலத்து நிலைமை. நம் கரிசற்காட்டு மானாவாரி நிலத்தில் பருத்தியும் சோளமும் எடுத்தபின் கோடை முழுதும் தரிசே. வேலியில்லை, கிணறுமில்லை. ஒரு மழை பெய்தவுடன் அயலான் ஏர் பூட்டிவிடின், நேற்றுவரை அனுபவித்தவன் யாரென்று மண் சொல்லுமோ? அதனைச் சொல்வது கிராமத்து அடங்கல். அது பசலிதோறும், அஃதாவது ஜூலை முதல் ஜூன் வரை, எழுதப்படுவது. அதில் நம் சாகுபடி பதிவாகியுள்ளதா என்று ஆண்டுதோறும் பார்ப்பார் நம்முள் எத்துணையர்? தந்தையார் மறைந்து இருபதாண்டு சென்றும் பட்டா அவர் பெயரிலேயே கிடக்கும் இல்லங்களை எண்ணின் நமக்கு அச்சமே உண்டாகிறது.

பட்டா ஒன்றே உரிமை மூலமாகாது. கிரயப் பத்திரம் ஒன்றே அனுபோகத்தைக் காட்டாது. இவ்விரண்டையும் ஒன்றெனக் கருதி மயங்குவோர் பலர். வாரங்கல் நகரத்து வெற்றுமனைகள் இரண்டைப் பற்றிய வழக்கு இதற்குத் தக்க சான்று. 1968இல் பத்திரம் பதிந்து வாங்கியவர்கள், பின்னர் ஒருவர் அம் மனைகள் தமதென்று வேறொரு வழியில் உரிமை கோரவே, தடையுத்தரவு மட்டும் கேட்டனர். வழக்கு நீதிமன்றந்தோறும் மாறி மாறித் தீர்க்கப்பட்டு உச்ச நீதிமன்றத்தை அடைந்தது. 2008 மார்ச் 25ஆம் நாள் வாங்கியோர் தோற்றனர். வெற்று நிலத்தில் அனுபோகம் உரிமையைத் தொடர்ந்தே கொள்ளப்படும். ஆகவே உரிமையே ஐயத்துக்கு இடமாயின், உரிமை விளம்புகை கோரியே வழக்கிடல் வேண்டும் என்பது தீர்ப்பின் சாரம். பத்திரம் பதிந்து நாற்பதாண்டு கழிந்தபின் கிட்டிய விடை இது! நம் கரிசல் தரிசும் கோடையில் ஏறக்குறைய வெற்றுநிலம் போன்றதே என்பதை அன்பர்கள் கருதுக.

உரிமையில் ஐயமில்லாதவிடத்து அனுபோகத்தைக் காட்டினாற் போதும். அதற்கும் தகராறு எழுமுன் செலுத்திய தீர்வை ரசீதுகள், அந்தந்தப் பசலியின் அடங்கல், விளைவு விற்ற சீட்டு, எல்லையண்டை நிலத்தார் சாட்சியம் ஆகியன வேண்டும். வழக்குப் போட்ட மறுவாரம் ஓடிப்போய் ஐந்தாண்டுத் தீர்வையை ஒருங்கே கட்டிப் பெறும் ரசீதைக் கண்டால், எதிர்வக்கீல் முதற்கண் கேட்பது அதன் தேதியையே.