கேளாது தீர்ப்பளித்தல்: கொற்கை முதல் பம்பாய் வரை

உடன்குடிக்கு வடக்கே, முத்துக்குப் பேர்பெற்ற பாண்டியர் துறைமுகமான கொற்கை இன்று கடலை இழந்து உள்நாட்டுச் சிற்றூராக நிற்கிறது. சிலப்பதிகாரத்தில் ஒரு வழக்கைத் தீர்த்துவைத்தது முத்துதான். அரசியின் சிலம்பில் இருந்த பரல் முத்து. கண்ணகியின் சிலம்பில் மாணிக்கம். உன் சிலம்பின் பரல் யாது என்று கோவலனிடம் ஒரே ஒரு வினா கேட்கப்பட்டிருந்தால் உண்மை அப்போதே வெளிப்பட்டிருக்கும். அந்த விசாரணை நடந்தது, அவன் வெட்டுண்ட பிறகு.

காப்பியம் அதோடு நிற்கவில்லை. கொற்கையில் இருந்த வெற்றிவேற்செழியன், கண்ணகிக்குச் சாந்தியாகப் பொற்கொல்லர் ஆயிரவரைப் பலியிட்டான் என்கிறது. களவு செய்தவன் ஒருவன். ஆயிரவரில் எவரையும் எவரும் விசாரித்ததாகச் செய்தி இல்லை. (வகுப்பறைகளில் விரைந்து கடக்கப்படும் பகுதி இது.)

அரசனின் இருக்கையில் இன்று நகராட்சி ஆணையர் அமர்ந்திருக்கிறார். கேட்ட பின்னரே முடிவெடுக்க வேண்டும் என்ற நெறி அவரையும் கட்டுப்படுத்துமா என்ற வினாவை இந்தியாவில் பெரிதாக எழுப்பிய வழக்குகளுள் ஒன்று, ஓல்கா டெல்லிஸ் எதிர் பம்பாய் மாநகராட்சி. ஓல்கா டெல்லிஸ் இதழாளர். அவ்வழக்கோடு சேர்த்து விசாரிக்கப்பட்ட மனுக்களுள் ஒன்று தமிழர் ஒருவருடையது என்பது நம்மிடையே அதிகம் பேசப்படுவதில்லை. சேலத்தைச் சேர்ந்த நிலமற்ற உழவுத் தொழிலாளி அவர். வறட்சியால் வேலையிழந்து 1961இல் பம்பாய் சென்றார். நாட்கூலி 23 ரூபாய். நடைபாதையில் பிளாஸ்டிக் தாளும் கித்தானும் கட்டிய குடிசை ஒன்றுக்குத் தாதா ஒருவன் அவரிடம் 2,500 ரூபாய் பறித்தான்.

1981 ஜூலை 13 அன்று முதலமைச்சர் அந்துலே, நடைபாதைவாசிகள் அனைவரும் சொந்த ஊர்களுக்கு அனுப்பப்படுவர் என்று அறிவித்தார். அப்போது கொட்டும் மழைக்காலம். பத்தே நாளில் சேலத்துக்காரரின் குடிசை இடிக்கப்பட்டது. மனைவி, மகள்களுடன் அவரைச் சேலம் பேருந்தில் ஏற்றிவிட்டார்கள். குடும்பம் சேலத்தில் தங்கிவிட, அவர் மட்டும் வேலை தேடித் திரும்பி வந்து மீண்டும் நடைபாதையிலேயே குடியேறினார்.

1888ஆம் ஆண்டுச் சட்டத்தின் 314ஆம் பிரிவு, முன்னறிவிப்பு இன்றியே ஆக்கிரமிப்பை அகற்ற ஆணையருக்கு அதிகாரம் தந்திருந்தது. அத்துமீறியவர்கள் சொல்வதற்கு என்ன இருக்கப்போகிறது என்பது மாநகராட்சியின் வாதம். தலைமை நீதிபதி ஒய்.வி.சந்திரசூட் தலைமையிலான ஐவர் அமர்வு 1985 ஜூலை 10 அன்று இதை மறுத்தது. மறுமொழி இருக்க வாய்ப்பில்லை என்று முன்கூட்டியே தீர்மானித்துக்கொண்டு ஒருவரைக் கேளாமல் விடுவது, கேட்டல் நெறியையே தவறாகப் புரிந்துகொள்வதாகும் என்றது. அறிவிப்பு தருவதே விதி. தவிர்ப்பது அரிதான விலக்கு.

ஆனால் அடுத்த அடியில் தீர்ப்பு சறுக்குகிறது என்பது நம் எண்ணம். ஆணையர் மறுத்த வாய்ப்பை நாங்களே தாராளமாக வழங்கிவிட்டோம் என்று சொல்லி, அகற்றுதலை நீதிமன்றம் அனுமதித்துவிட்டது. மழைக்காலம் முடிந்து ஒரு மாதம்வரை, அக்டோபர் 31 வரை, தவணை கொடுத்தது. இடித்து நான்காண்டு கழித்து, இடித்தவர் அல்லாத வேறொருவர் கேட்பது கேட்டல் ஆகுமா? கண்ணகிக்கும் அவையில் பேச வாய்ப்புக் கிடைத்தது. இத்தனைக்கும் 1980இல், புதுதில்லி நகராட்சிக் குழு கலைக்கப்பட்ட கபூர் வழக்கில், கேளாமையே ஒரு தீங்கு, வேறு தீங்கை நிறுவத் தேவையில்லை என்று இதே உச்ச நீதிமன்றம் சொல்லியிருந்தது.

2024 நவம்பர் 13 அன்று நீதிபதிகள் பி.ஆர்.கவாய், கே.வி.விசுவநாதன் அமர்வு மேலும் கறாராக நின்றது. ஒருவர் மீது குற்றச்சாட்டு எழுந்ததும் அவர் குடும்பம் வாழும் வீட்டைப் புல்டோசரால் இடிக்கும் வழக்கம் வட மாநிலங்களில் பரவியதே காரணம். ஒருவன் குற்றத்துக்கு ஆயிரவர் பலியானதன் சிறு வடிவம் என்று அதைச் சொல்லலாம். பதினைந்து நாள் முன்னறிவிப்பு, நேரில் கேட்டல், கேட்டதன் எழுத்துப் பதிவு, காரணம் கூறும் ஆணை ஆகிய அனைத்தும் கட்டாயமாயின.

சாலை, தெரு, நடைபாதை, நீர்நிலை போன்ற பொது இடங்களில் அனுமதியின்றி நிற்பவற்றுக்கு இவ்விதிகள் பொருந்தா என்றும் அத்தீர்ப்பே விலக்களித்திருக்கிறது. சேலத்துக்காரரின் குடிசை நின்றது நடைபாதையில்தான்.