சட்டநிரூபண சபையில் சேர் முத்துக்குமாரசுவாமி

பத்தொன்பதாம் நூற்றாண்டு ஈழத்துத் தமிழ்ப் பெரியோரைப் பற்றிப் பேசும்போது ஆறுமுக நாவலரையும் சேர் பொன்னம்பலம் இராமநாதனையும் நாம் மறப்பதில்லை. இராமநாதனின் தாய்மாமனான சேர் முத்துக்குமாரசுவாமியோ, கலாயோகி ஆனந்த குமாரசுவாமியின் தந்தை என்ற அளவிலேயே பெரும்பாலும் நினைக்கப்படுகிறார். சட்ட அறிஞராகவும் சட்டநிரூபண சபை உறுப்பினராகவும் விளங்கிய அவரது வாழ்க்கை, மக்கட் பிரதிநிதி எனப்படுபவர் யார் என்னும் வினாவை எழுப்புகின்றது.

கோல்புறூக் - கமறன் சீர்திருத்தங்களின் பயனாக 1833 இல் இச்சபை தோன்றியது. உத்தியோகப்பற்றற்ற உறுப்பினர் அறுவருள் மூவர் ஐரோப்பியர். பறங்கியர், சிங்களவர், தமிழர் ஆகியோருக்கு ஒவ்வோர் ஆசனமே உண்டு. அறுவரையும் நியமித்தவர் தேசாதிபதியே. 1835 இல் தமிழருக்குரிய ஆசனத்தைப் பெற்றவர், வடமராட்சிக் கெருடாவிலைப் பூர்வீகமாகக் கொண்ட ஆ. குமாரசுவாமி முதலியார். அடுத்த ஆண்டிலேயே அவர் மறைந்தார். குழந்தைப் பருவத்தில் தந்தையை இழந்த அவர் மகன் முத்துக்குமாரசுவாமி கொழும்பிலே கல்வி கற்று, நியாயதுரந்தரராகி, 1860களின் தொடக்கத்தில் அதே ஆசனத்தில் அமர்ந்தார்.

பின்னர் அவர் இங்கிலாந்து சென்றார். அக்காலத்தில் ஆங்கில வழக்கறிஞர் குழாம் கிறித்தவருக்கும் யூதருக்குமே திறந்திருந்தது. சைவராகிய அவர் 1863 இல் இலிங்கன்ஸ் இன் சட்டக் கழகத்தின் வழியாக அதிற் சேர்க்கப்பட்டார். தம் சமயத்தைக் கைவிடாது அவர் பெற்ற இவ்வுரிமை பின்வந்த கீழைத்தேயத்தார் பலருக்கும் வழிதிறந்தது. 1874 இல் அவருக்குச் 'சேர்' பட்டம் கிடைத்தது.

எனினும், அவரது பிரதிநிதித்துவம் சபையினுள் அடங்கிவிடவில்லை. அரிச்சந்திர நாடகத்தை ஆங்கிலத்தில் மொழிபெயர்த்து 1863 இல் இலண்டனில் வெளியிட்டார். 1874 இல் சுத்தநிபாதத்தின் பகுதிகளையும், புத்தரின் தந்ததாதுவின் வரலாறு கூறும் தாட்டாவம்சத்தையும் பாளியிலிருந்து ஆங்கிலமாக்கினார். தமிழரின் பெயரால் ஆசனம் பெற்ற சைவர் ஒருவர், பௌத்தரின் நூல்களையும் தம் நாட்டின் செல்வமெனவே கருதி உலகுக்கு அளித்தமை சிந்தித்தற்குரியது. இப்பணிக்கு எந்தத் தேசாதிபதியும் அவரை நியமிக்கவில்லை.

1879 மே 4 இல் அவர் காலமானார். வெற்றிடத்துக்கு எவர் வரவேண்டும் என்பது யாழ்ப்பாணத்திற் பெரும் விவாதமாயிற்று. நாவலர், கிறிஸ்தோபர் பிறிற்றோவை விடுத்து இராமநாதனை ஆதரித்தார். இராமநாதன் நியமனம் பெற்றார். முடிவு தேசாதிபதியின் கையிலேயே இருந்ததெனினும், ஆசனத்துக்குரியவரைப் பற்றிக் கருத்துரைக்கும் உரிமை தமக்குண்டு என மக்கள் உணரத் தலைப்பட்டமை குறிப்பிடத்தக்கது. கல்விகற்ற இலங்கையருக்கான ஆசனத்துக்கு 1911 இல் நடந்த தேர்தலில் இராமநாதனே வென்றார். அப்போதும் வாக்களித்தோர் மிகச் சிலரே. சர்வசன வாக்குரிமை 1931 இலேயே வந்தது.

மக்களின் வாக்கைப் பெறாத ஒருவரை மக்கட் பிரதிநிதி எனல் பொருந்துமா? சட்டத்தின்படி அவர் தேசாதிபதியின் தெரிவே. அவர் ஈட்டிய புகழ் அக்குறையை நிறைவு செய்யாது. ஆனால், வாக்கினால் ஆசனம் பெறுவோர் மலிந்த இக்காலத்தில், அயலவரின் மொழியையும் மறையையும் கற்று மதித்தோர் எத்தனைபேர் என்று நாம் கேட்டுக்கொள்ளல் வேண்டும். இராமநாதன் நிறுவிய பரமேசுவராக் கல்லூரி வளவிலே, 1974 இல் எழுந்த வளாகத்திற் பயிலும் நமக்கு, அவர் மாமனாரின் வாழ்வு விட்டுச்சென்ற வினா இதுவேயாகும்.