மலைக்கோட்டைகளைச் சின்னத்திரைக்குக் கொண்டுவந்த மிலிந்த் குணாஜி

புனே: மகாராஷ்டிர மாநிலம், புனேயை அடுத்த தாபோடி ரயில் நிலையத்தில் லோனாவாலா செல்லும் புறநகர் ரயிலில் ஏறி, மலவலி நிலையத்தில் இறங்குவோர் லோஹகட் மலைக்கோட்டைக்குச் செல்லலாம். இத்தகைய கோட்டைகளை மராத்திக் குடும்பங்களுக்குச் சின்னத்திரை வழியாக அறிமுகப்படுத்தியவர்களில் நடிகர் மிலிந்த் குணாஜி குறிப்பிடத்தக்கவர்.

வில்லன் நடிகர்

1961-ஆம் ஆண்டு பிறந்த குணாஜி, 1993-இல் வெளியான 'பபீஹா' ஹிந்தித் திரைப்படத்தின் மூலம் அறிமுகமானார். 'ஃபரேப்' (1996) படத்தில் வில்லனாக நடித்ததற்காக ஃபிலிம்ஃபேர் விருதுக்குப் பரிந்துரைக்கப்பட்டார். 'தேவர் மகன்' படத்தின் ஹிந்தி மறுஆக்கமான 'விராசத்' (1997) படத்தில், தமிழில் நாசர் நடித்த கதாபாத்திரத்தை ஏற்றவரும் இவரே.

ஊர் சுற்றும் தொகுப்பாளர்

எனினும், மராத்தி ரசிகர்களிடையே அவருக்குத் தனி அடையாளம் தந்தது 'பட்கந்தி' என்ற பயணத் தொலைக்காட்சித் தொடராகும். மராத்தியில் இச்சொல்லுக்கு 'ஊர் சுற்றல்' என்று பொருள். இன்று ஜீ மராத்தி என்று அழைக்கப்படும் அலைவரிசையில் ஒளிபரப்பான இத்தொடரில், மாநிலத்தில் அதிகம் அறியப்படாத இடங்களை அவர் நேயர்களுக்குக் காட்டினார். பயண அனுபவங்களை 'மாஜி முலுக்கிரி' உள்ளிட்ட நூல்களாகவும் எழுதியுள்ளார்.

உலக அங்கீகாரம்

கடந்த 2025-ஆம் ஆண்டு ஜூலை 11-ஆம் தேதி, 'மராத்திய ராணுவ நிலப்பரப்புகள்' என்ற பெயரில் 12 கோட்டைகளை யுனெஸ்கோ உலகப் பாரம்பரியப் பட்டியலில் சேர்த்தது. இது இந்தியாவின் 44-ஆவது உலகப் பாரம்பரியச் சின்னமாகும். இவற்றில் லோஹகட், ராஜ்கட், சத்ரபதி சிவாஜி பிறந்த சிவ்நேரி ஆகிய மூன்றும் புனே மாவட்டத்தில் உள்ளன.

மகாராஷ்டிரத்துக்கு வெளியே உள்ள ஒரே கோட்டை, தமிழகத்தின் விழுப்புரம் மாவட்டத்திலுள்ள செஞ்சி. 1677-இல் சிவாஜி கைப்பற்றிய இக்கோட்டையில், அவரது மகன் ராஜாராம் முகலாயப் படைகளின் நீண்ட முற்றுகையை எதிர்கொண்டார். 1698-இல் கோட்டை முகலாயர் வசமானது.

பாதுகாப்பே சவால்

செஞ்சி, லோஹகட் உள்பட 8 கோட்டைகள் இந்தியத் தொல்லியல் துறையின் பாதுகாப்பிலும், ராஜ்கட் உள்ளிட்ட 4 கோட்டைகள் மகாராஷ்டிர அரசின் பாதுகாப்பிலும் உள்ளன. மழைக்கால வார இறுதி நாள்களில் லோஹகட்டின் படிக்கட்டுகள் பயணிகளால் நிரம்பி வழிகின்றன. மக்களைக் கோட்டைகளுக்கு ஈர்க்கும் பணியில் தொலைக்காட்சிக்கும் பங்குண்டு. வந்து செல்லும் கூட்டத்தால் மதில்களும் படிகளும் சிதையாமல் காக்கும் பொறுப்பு, அரசுத் துறைகளுக்கும் பார்வையாளர்களுக்கும் உரியதாகும்.